கஜாவில் போன மாட்யூலும் 11 ஜிபி சாம்பிளும்

2018 நவம்பர் 16 விடியற்காலை கஜா புயல் அடித்ததில் திருத்துறைப்பூண்டியில் எங்கள் வீட்டு ஓடெல்லாம் பறந்தது. கீழே ரேக்கில் இருந்த ரோலண்ட் ஜேவி-1080 மாட்யூலுக்குள் (கீபோர்டோடு இணைத்தால் ஒலி தருகிற பெட்டி) மழைத்தண்ணீர் இறங்கிவிட்டது. 1994இல் வந்த மாடல். திருவிழாக் கச்சேரிகளில் என் கீபோர்டின் குரலே அதுதான். அப்புறம் அது எழுந்திருக்கவில்லை.

போன மாதம் அந்த மாட்யூலின் ஒலிகளைப் பதிந்த சாம்பிள் பேக் ஒன்றை, லேப்டாப்பில் போட்டு வாசிக்க, 1,800 ரூபாய்க்கு வாங்கினேன். விற்றவர் பெயர் வேண்டாம், குறை சொல்லப் போகிறேன். ஜேவிக்குள் இருந்த ஒலி நினைவகமே மொத்தம் 8 எம்பிதான். இது 11 ஜிபி! டவுன்லோட் ஆக இரண்டு ராத்திரி பிடித்தது.

பியானோ, மணி, பேஸ் எல்லாம் அச்சு அசல். தட்டினோமா, ஒலித்ததா, அடங்கியதா என்கிற வகைச் சத்தத்துக்குக் குறையில்லை. மானம் போவது நீளமாக இழுத்துப் பிடிக்கிற பேடிலும் ஸ்ட்ரிங்ஸிலும் (வயலின் கூட்டம் மாதிரி ஒலி). ஜேவியில் ஒரு பேட்ச், அதாவது வாசிக்கிற ஒரு முழு ஒலி, நான்கு டோன் (தனி ஒலி அடுக்கு) வரை சேர்ந்தது. ஒவ்வொன்றுக்கும் ஒலியின் கூர்மையைக் கூட்டிக் குறைக்கத் தனி ஃபில்டர், ஒலியை மெல்ல அசைய வைக்கத் தனி எல்எஃப்ஓ. பேட் ஒலியின் அசைவு எந்தக் கட்டையிலும் ஒரே நிதானத்தில் இருக்கும். இவர்களோ நான்கு கட்டைக்கு ஒன்றைப் பதிந்து, மற்ற மூன்றுக்கும் அதையே வேகம் கூட்டி ஓட்டுகிறார்கள். மூன்று கட்டை ஏறினால் அசைவும் 19 சதவீதம் வேகமாகிறது. பல கட்டைகளைச் சேர்த்து ஒரு கார்ட் பிடித்தால் ஒரு விரல் நடக்கிறது, இன்னொன்று ஓடுகிறது.

போதாததற்கு ரிவெர்பையும் (எதிரொலி எஃபெக்ட்) சேர்த்தே பதிந்திருக்கிறார்கள். குழம்பில் கரைந்த உப்பை எப்படி எடுப்பது? மாரியம்மன் கோயில் திடலில் சமாளித்துவிட்டேன். ஏற்கெனவே எதிரொலிக்கிற கல்யாண மண்டபத்தில் எல்லாம் கூழாகிவிட்டது. ஒன்று சொல்ல வேண்டும்: ஜெனரேட்டர் மாற்றுகிற நேரத்தில் மாட்யூல் அணைந்துவிடும். லேப்டாப் பேட்டரியில் பாட்டு நிற்கவில்லை.

கடைசியில் மன்னார்குடி நண்பரிடம் அவருடைய ஜேவியை இரவல் வாங்கினேன். எனக்குப் பிடித்த ஸ்ட்ரிங்ஸ் ஒன்றின் நான்கு டோன்களையும் தனித்தனியாக, ஃபில்டரைத் திறந்து, எஃபெக்டும் எல்எஃப்ஓவும் இல்லாமல், கட்டைக்குக் கட்டை பதிந்தேன். அசைவையும் ஃபில்டரையும் சாம்ப்ளர் மென்பொருளிலேயே போட்டேன். ஒரு பேட்ச்சுக்கு முழு ராத்திரி. ரிதம் பேட் வாசிக்கும் தம்பி கேட்டுவிட்டு, "அண்ணே, இது நம்ம பழைய பெட்டிதாண்ணே" என்றான்.

மன்னார்குடிக்காரர் இரண்டு தடவை போன் பண்ணிவிட்டார். இன்னும் பதினெட்டு பேட்ச் பாக்கி இருக்கிறது.