யூரெயில் பாஸ்: எங்கே காசு திரும்பும், எங்கே கரையும்

ஐரோப்பாவின் 33 நாடுகளுக்கு ஒரே ரயில் பாஸ் என்கிறது யூரெயில் விளம்பரம். பொய்யில்லை. ஆனால் அந்த 33 நாட்டு ரயில்வேக்களும் ஒன்றையொன்று எண்ணிப் பார்க்காமல், சில இடங்களில் பக்கத்து நாட்டுக்குப் பயந்துகொண்டே வளர்ந்தவை. எல்லையில் தடுப்புக்கட்டை போய்விட்டது. தண்டவாள அகலமும் டிக்கெட் விதியும் அப்படியேதான் இருக்கின்றன. ஆகவே பாஸ் லாபமா என்று கேட்டால், எந்த நாட்டுக்குப் போகிறீர்கள் என்று திருப்பிக் கேட்காமல் பதில் சொல்ல முடியாது.

முதலில் யாருக்கு எது என்று பார்ப்போம். 1959ல் தொடங்கிய யூரெயில், ஐரோப்பாவுக்கு வெளியே வசிப்பவர்களுக்கு. 1972ல் வந்த இன்டர்ரெயில், உள்ளே வசிப்பவர்களுக்கு. கணக்கில் வருவது வசிப்பிடம். கடவுச்சீட்டின் நிறம் அல்ல. சென்னையிலிருந்து போகிறவர் யூரெயில் வாங்கலாம். இலங்கைக் கடவுச்சீட்டு வைத்துக்கொண்டு பாரிஸில் குடியிருப்பவர் இன்டர்ரெயில்தான் வாங்க வேண்டும். அவருக்குப் பிரான்ஸ்தான் சொந்த நாடு என்பதால், பிரான்சுக்குள் பாஸ் செல்லுவது நாட்டைவிட்டு வெளியே போக ஒரு முறை, திரும்பி வர ஒரு முறை என்று கட்டுப்பாடும் உண்டு.

பாஸில் இரண்டு வகை. குறிப்பிட்ட காலத்துக்குள் 4, 5, 7, 10 அல்லது 15 பயண நாட்களை நாமே தேர்ந்துகொள்வது ஒன்று. 15 நாளிலிருந்து 3 மாதம் வரை தினமும் ஏறி இறங்குவது இன்னொன்று. பெரும்பாலானவர்களுக்கு முதல் வகையே போதும். 12 முதல் 27 வயது வரை இளைஞர் கட்டணம். 60 வயதிலிருந்து 10 சதவீதம் தள்ளுபடி. 4 முதல் 11 வயதுக் குழந்தைகள் பெரியவர் ஒருவருக்கு இரண்டு பேர் வரை இலவசம் (அவர்களுக்கும் பாஸ் எடுத்தாக வேண்டும்). மிகச் சிறிய 4 நாள் பாஸில் ஒரு பயண நாளின் அடக்கம் இரண்டாம் வகுப்பில் 70 யூரோவைத் தாண்டும். இந்த எண்ணை மனதில் வைத்துக்கொள்ளுங்கள். அன்றைய பயணத்தின் தனி டிக்கெட் அதைவிடக் குறைவு என்றால், பாஸில் ஒரு நாளைச் செலவழிப்பது வீண்.

காசு திரும்பும் நாடு சந்தேகமில்லாமல் சுவிட்சர்லாந்து. சூரிக்கிலிருந்து ஜெனீவாவுக்கு முழுக்கட்டணமே 90 பிராங்கைத் தொடும். முன்பதிவு தேவையில்லை, எந்த ரயிலிலும் ஏறலாம். கண்ணாடிக் கூரை போட்ட பெர்னினா எக்ஸ்பிரஸ், கிளேசியர் எக்ஸ்பிரஸ் போன்ற சுற்றுலா ரயில்களுக்கு மட்டும் பாஸுக்கு மேல் இருக்கைக் கட்டணம் கேட்பார்கள். பெர்னினாவுக்கு அதைக் கொடுக்காதீர்கள். அதே பாதையில், அதே 2,253 மீட்டர் உயரக் கணவாய் வழியாக, சிவப்பு நிறச் சாதாரண ரயில்களும் ஓடுகின்றன. அவற்றில் சில பெட்டிகளில் ஜன்னலை இறக்கிவிட்டுப் படம் எடுக்கலாம். எக்ஸ்பிரஸின் மூடிய கண்ணாடியில் உங்கள் முகம்தான் பிரதிபலிக்கும். ஆனால் யுங்ஃப்ராவ் உச்சிக்குப் போகும் மலை ரயிலுக்குத் தள்ளுபடி மட்டுமே. முழுவதும் இலவசம் என்று நம்பிப் போக வேண்டாம்.

ஜெர்மனியிலும் ஆஸ்திரியாவிலும் பகல் ரயில்களுக்கு முன்பதிவு கட்டாயமில்லை. பாஸின் உண்மையான சுகம் இங்கேதான்: மழை பெய்தால் திட்டத்தை மாற்றிக்கொண்டு அடுத்த ரயிலில் ஏறலாம். ஜெர்மனியில் குறை, நேரம் தவறுவது. 2024ல் தொலைதூர ரயில்களில் 62.5 சதவீதம்தான் குறித்த நேரத்துக்கு வந்தன. அதுவும் ஆறு நிமிடத்துக்குள் தாமதம் என்றால் அதைத் தாமதமாகவே எண்ணாத கணக்கு. வண்டி மாற 8 நிமிடம் போதும் என்று செயலி காட்டினால் ஒப்புக்கொள்ளாதீர்கள், 40 நிமிடமாவது விடுங்கள். ஜெர்மனியை விட்டு நகரப் போவதில்லை, விரைவு ரயிலும் வேண்டாம் என்றால் மாதச் சந்தாவான டாய்ச்லாண்ட் டிக்கெட் மலிவு: 2026 ஜனவரியிலிருந்து 63 யூரோ. நகரப் பேருந்து, டிராம், மெட்ரோ எல்லாம் அதில் அடக்கம். யூரெயிலில் இவை கிடையாது. எஸ்-பான் எனப்படும் புறநகர் ரயில் மட்டும் உண்டு.

காசு கரையும் இடம் பிரான்ஸ். டிஜிவி எனப்படும் அதிவேக ரயிலில் ஏற பாஸ் இருந்தாலும் 10 முதல் 20 யூரோ வரை இருக்கைக் கட்டணம் உண்டு; லண்டன் போகும் யூரோஸ்டாரில் அது 30ஐத் தாண்டும். பணத்தைவிட ஒதுக்கீடுதான் பெரிய தொல்லை. பாஸ்காரர்களுக்கென்று வைத்த இடங்கள் தீர்ந்துவிட்டால், ரயில் பாதி காலியாக ஓடினாலும் முழு டிக்கெட்தான். கோடையில் போவதாக இருந்தால் மாதக்கணக்கில் முன்பே எடுத்து வையுங்கள். மலிவு விலை ஊய்கோ ரயில்களில் பாஸ் செல்லவே செல்லாது. இன்னொன்று: பாரிஸ் நகரத்துக்குக் குறுக்கே தொலைதூர ரயில் போகாது. 19ஆம் நூற்றாண்டில் தனித்தனிக் கம்பெனிகள் ஆளுக்கொரு முனையம் கட்டின. இன்றும் வடக்கிலிருந்து வந்து தெற்கே போகிறவர் கார் து நோர் நிலையத்தில் இறங்கி, தனி டிக்கெட் எடுத்து, கார் து லியோன் நிலையத்துக்குப் பெட்டியை இழுக்க வேண்டும். ஒரு மணி நேரத்துக்குக் குறையாமல் விடுங்கள்.

அவசரமில்லாதவர்களுக்கு முன்பதிவு இல்லாத டெஎர் வட்டார ரயில் இருக்கிறது. பாரிஸ்–ஸ்ட்ராஸ்பூர் தடத்தில் ஏறினால் சார்பூர் நெருங்கும்போது ஜன்னலுக்கு வெளியே பாருங்கள். இடப்பக்கத் தண்டவாளத்தில் வந்த ரயில், ஒரு மேம்பாலத்தின் உதவியால் வலப்பக்கத்துக்கு மாறும். 1871லிருந்து முதல் உலகப் போர் முடியும் வரை அல்சாஸ் வட்டாரமும் சார்பூர் பகுதியும் ஜெர்மனி வசம் இருந்தன. ஜெர்மன் ரயில் வலப்பக்கம் ஓடும். மண் திரும்பிவிட்டது, வழக்கம் திரும்பவில்லை.

ஸ்பெயின் இன்னொரு கதை. அங்கே பழைய பாதையின் அகலம் 1,668 மி.மீ., கிட்டத்தட்ட நம் அகலப் பாதை, பிரான்சில் 1,435. நெப்போலியன் மாதிரி இன்னொருவன் படையெடுத்து வரக்கூடாதென்று அப்படிப் போட்டார்கள் என்பார்கள். 1844ல் பொறியாளர்கள் கொடுத்த அறிக்கை சொல்லும் காரணம் வேறு: மலைநாட்டில் பெரிய கொதிகலன் வைத்த எஞ்சின் வேண்டும். எதுவானாலும், அட்லாண்டிக் பக்கம் போகிறவர் எல்லையில் ஹெண்டாயிலோ இருனிலோ வண்டி மாற வேண்டும். பாரிஸ்–பார்சிலோனா நேர் ரயில் 2013 டிசம்பரில்தான் வந்தது. அதற்கும் முன்பதிவு கட்டாயம். ஸ்பெயினுக்கு மட்டும் பாஸ் வாங்குவதை நான் பரிந்துரைக்க மாட்டேன்.

போலந்து, செக், ஹங்கேரியில் டிக்கெட்டே மலிவு. நீண்ட எல்லை தாண்டும் நாட்களுக்கு மட்டும் பாஸைத் தொடுங்கள். வார்சாவிலிருந்து வில்னியஸ் போகிறவர் லிதுவேனியாவின் மொக்காவாவில் இறங்கி எதிர்ப் பக்கத்து ரயிலில் ஏறுவார். அதற்கு அப்பால் ரஷ்யப் பேரரசு விட்டுப்போன 1,520 மி.மீ. பாதை. ரெயில் பால்டிகா என்ற 870 கி.மீ. நீளப் புதிய பாதை கட்டி முடிந்தால் இது மாறும்.

யூகோஸ்லாவியா உடைந்த பகுதியில் வரைபடத்தை நம்பக் கூடாது. குரோஷியா, போஸ்னியா, செர்பியா மூன்றும் பாஸில் இருக்கின்றன. ஆனால் ஸாக்ரெப்–பெல்கிரேடு ரயில் பல ஆண்டுகளாக ஓடவில்லை, துப்ரோவ்னிக்குக்குத் தண்டவாளமே இல்லை. அங்கே பேருந்துதான் கதி. அல்பேனியாவும் கொசோவோவும் பாஸிலேயே கிடையாது.

விசா விஷயம்: பிரிட்டன், அயர்லாந்து, செர்பியா, போஸ்னியா எல்லாம் பாஸுக்குள், ஆனால் ஒரே விசாவில் சுற்றக்கூடிய ஷெங்கன் நாடுகளுக்கு வெளியே. ஒருமுறை நுழைவு விசாவில் பாரிஸிலிருந்து லண்டன் போனால் திரும்ப முடியாது. பலமுறை நுழைவு கேட்டு விண்ணப்பியுங்கள். ஷெங்கனுக்குள்ளும் கடவுச்சீட்டு கையில் இருக்கட்டும். ஜெர்மனி 2024 செப்டம்பரில் தன் எல்லா நில எல்லைகளிலும் சோதனையைக் கொண்டுவந்தது. போலீஸ் ரயிலுக்குள்ளேயே வரும்.

பாஸ் இருப்பது ரெயில் பிளானர் என்ற செயலியில். பாஸ் எண்ணையும் குடும்பப் பெயரையும் இட்டுச் சேர்த்து, தொடக்க நாளைக் குறித்து உயிர்ப்பிக்க வேண்டும். ஒவ்வொரு பயணத்தையும் ஏறும் முன்பே பதிய வேண்டும். டிக்கெட் பரிசோதகரைக் கண்டபின் பதிந்தால் அபராதம். மூன்று நாளுக்கு ஒருமுறையாவது இணையத்தில் இணைக்காவிட்டால் டிக்கெட் காட்டாது. செயலியின் கால அட்டவணை தொலைபேசியில் சேமித்து வைத்தது, பராமரிப்புப் பணியால் வரும் மாற்றம் அதில் தெரியாது. அந்தந்த நாட்டு ரயில்வேயின் தளத்தில் சரிபாருங்கள். இரவு ரயிலில் நள்ளிரவுக்கு முன் ஏறி, வண்டி மாறாமல் மறுநாள் இறங்கினால் ஏறிய நாள் மட்டுமே கழியும். லக்சம்பர்க்குக்குள் சுற்றும் நாளில் பாஸைத் திறக்கவே வேண்டாம். 2020 மார்ச்சிலிருந்து அங்கே இரண்டாம் வகுப்பு எல்லோருக்கும் இலவசம்.