வீடியோவில் ஆடியோ வரவில்லையா? கடைக்கு ஓடாதீர்கள், எனக்கு 380 வெள்ளி (ரிங்கிட்) போச்சு

நேற்று சாயங்காலம்தான் கடையிலிருந்து வீடியோ பென்டிரைவ் கைக்கு வந்தது. வயிறு இன்னும் எரிகிறது.

அக்கா மகளின் அரங்கேற்றம் கோலாலம்பூர் பிரிக்பீல்ட்ஸில் நடந்தது. மாமாவின் பழைய கேம்கார்டரில் எடுத்தோம். எம்டிஎஸ் கோப்புகளை (கேமரா பதிந்த வீடியோக்கள்) மட்டும் மடிக்கணினிக்கு மாற்றி எடிட்டிங் மென்பொருளில் போட்டால் படம் வருகிறது, ஆடியோ டிராக்கே இல்லை. விஎல்சி என்ற இலவச வீடியோ பிளேயரில் போட்டால் நட்டுவாங்கம் கணீரென்று கேட்கிறது! அங்கேயே யோசித்திருக்க வேண்டும். யோசிக்கவில்லை.

செந்தூலில் ஒரு கணினி பழுதுபார்க்கும் கடை. கடைக்காரனுக்கு நெற்றியில் விபூதி, வாய் நிறைய "அண்ணே". தே தாரிக் வாங்கிக் கொடுத்தான். "ஆடியோ கரப்ட் ஆயிருச்சுண்ணே, ரெக்கவரி பண்ணணும். நம்ம வீட்டுப் பிள்ளை ஆட்டம், விட்ருவேனா?" என்றான். அந்த ஒரு வார்த்தைக்குத்தான் விழுந்தேன். விஎல்சியில் கேட்கிறதே என்று சொன்னேன், "அது வேறண்ணே" என்று சிரித்தான். கியூஆரில் 380 வெள்ளி தட்டிவிட்டேன். ரசீது கேட்கக் கூச்சமாக இருந்தது.

இரண்டு நாள் என்றவன் பன்னிரண்டு நாள் இழுத்தான். "சர்வர் பிசி", "பாஸ் ஈப்போ போயிருக்காரு", அப்புறம் வெறும் நீல டிக். கடைசியில் வந்த கோப்பில் வர்ணத்தின் நடுவே "டிங்" என்று வாட்ஸ்அப் சத்தம்! விஎல்சியில் ஓடவிட்டு அப்படியே திரையைப் பதிவு செய்திருக்கிறான். தில்லானா வருவதற்குள் ஜதி ஒரு பக்கம், கால் ஒரு பக்கம். கேட்டால், "ஒரிஜினலே அப்படித்தாண்ணே."

ராத்திரி நண்பரின் மகன் வந்து பார்த்தான். அந்தக் கேமரா ஒலியை டால்பி ஏசி-3 என்ற ஒலிச் சுருக்க முறையில் பதிகிறதாம். என் மென்பொருளுக்கு அதைத் திறக்கத் தெரியவில்லை, அவ்வளவுதான். எஃப்எஃப்எம்பெக் என்ற இலவசக் கருவியில் ஒரே வரிக் கட்டளை. ஒலி மட்டும் 48 கிலோஹெர்ட்ஸ் வேவ் கோப்பாக வந்தது, படத்தின் கீழே வைத்தால் கச்சிதமாக உட்கார்ந்தது. தம்பி கேட்ட கூலி ஒரு ரொட்டி சானாய்.

விவரமாக எழுதத்தான் உட்கார்ந்தேன், பொறுமை இல்லை. விஎல்சியில் ஒலி கேட்டால் கோப்பு கெடவில்லை, "ரெக்கவரி" என்பவனிடம் நிற்காதீர்கள். கேமராவின் மெமரி கார்டில் இருக்கும் கோப்புறையை முழுசாக நகலெடுங்கள். நீளமான பதிவைக் கேமரா துண்டு துண்டாக வெட்டி வைக்கும், தனித்தனியாக எடுத்தால் ஒட்டும் இடத்தில் ஒலி விட்டுப்போகலாம். ரசீது இல்லாமல் காசு தராதீர்கள்.

பயனீட்டாளர் நடுவர் மன்றத்தில் மனு போட 5 வெள்ளிதான். ரசீது இல்லை, ஆனால் கியூஆர் கணக்கும் அந்த "டிங்"கும் என்னிடம் இருக்கின்றன. திங்கட்கிழமை போகிறேன்.