சுவருக்குள் மாறாத கேபிள்: கேட் 5இ-யுடன் 20 ஆண்டுகள்

2004-இல் எங்கள் அலுவலகச் சுவர்களுக்குள் கேட் 5இ (Cat 5e) என்ற தரத்து நெட்வொர்க் கேபிளை இழுத்தோம். அதன் பிறகு கணினிகளை ஒன்றோடொன்று இணைக்கும் ஸ்விட்ச் இருமுறை மாறியது. கணினிகள் பலமுறை மாறின. கேபிள் மட்டும் மாறவில்லை. முதலில் நொடிக்கு 100 மெகாபிட், பிறகு 1 கிகாபிட், இப்போது 2.5 கிகாபிட் என்று மூன்று வேகங்களை அதே செம்பு சுமந்திருக்கிறது.

அதற்கு முன் கோஆக்சியல் கேபிளில் வேலை பார்த்தவர்களுக்கு இதன் அருமை தெரியும். எல்லாக் கணினிகளும் ஒரே கேபிளில் தொங்கிய அந்த அமைப்பில், கடைசியில் மாட்டிய டெர்மினேட்டர் கழன்றால் அத்தனை பேரின் வேலையும் நின்றுவிடும். 1990-இல் வந்த 10பேஸ்-டி என்ற ஈதர்நெட் தரநிலை ஒவ்வொரு கணினிக்கும் ஹப் எனும் மையப் பெட்டி வரை தனிக் கேபிள் கொடுத்ததால், ஒருவருடைய பழுது அவரோடு நின்றது. வேகத்தைவிட இதைத்தான் நான் பெரிய மாற்றமாகக் கருதுகிறேன்.

1995-இல் வந்த, 100 மெகாபிட் வேகத்துக்கான 100பேஸ்-டிஎக்ஸ், கேபிளுக்குள் இரண்டிரண்டாக முறுக்கிய நான்கு கம்பி இணைகளில் இரண்டை மட்டுமே பயன்படுத்தியது: ஒன்று அனுப்ப, ஒன்று பெற. 1999-இன் கிகாபிட் தரநிலையான 1000பேஸ்-டி நான்கையும் எடுத்துக்கொண்டு, ஒவ்வோர் இணையிலும் ஒரே நேரத்தில் இரு திசைகளிலும் 250 மெகாபிட் அனுப்புகிறது. தான் அனுப்பிய சிக்னலின் எதிரொலியைக் கணக்கிட்டுக் கழித்துவிட்டு, மிஞ்சுவதை எதிர்முனையின் சிக்னலாகப் படிக்கிறது. நொடிக்கு 12.5 கோடி குறியீடுகள் என்ற 100பேஸ்-டிஎக்ஸின் வீதத்தைக் கூட்டாமலே, பத்து மடங்கு தரவை அதே தரக் கேபிளில் அனுப்ப முடிந்தது.

ஆனால் 2010-இல் கிகாபிட் ஸ்விட்ச் வாங்கியபோது ஒரு மேசையில் மட்டும் கோப்பு நகலெடுப்பு நொடிக்கு 11 மெகாபைட்டை (88 மெகாபிட்) தாண்டவில்லை. மற்ற மேசைகளில் 110 வந்தது. நெட்வொர்க் கார்டையும் அதன் டிரைவர் மென்பொருளையும் மாற்றிப் பார்த்து இரண்டு நாட்கள் போயின. கடைசியில் கேபிள் முனையின் ஆர்ஜே45 பிளக்கை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தபோது, எட்டாவது இடத்தின் பழுப்புக் கம்பி மட்டும் முனை வரை போகாமல் குட்டையாக நின்றது. ஆறு ஆண்டுகளாக அந்தக் குறை வெளியே தெரியவில்லை, ஏனெனில் 100 மெகாபிட்டுக்குப் பழுப்பு இணை தேவையே இல்லை. வேகத்தைப் பேசி முடிவுசெய்யும் பல்ஸ்களும் ஆரஞ்சு, பச்சை இணைகளில்தான் போகின்றன. இரு முனைகளும் கிகாபிட்டுக்கு ஒப்புக்கொண்டு, இணைப்பு அமையாமல், 100-க்கு இறங்கியிருக்கின்றன. பிளக்கை வெட்டிப் புதிதாகக் கிரிம்ப் செய்ததும் சரியாகிவிட்டது.

2006-இல் வெளியான 10 கிகாபிட் தரநிலையான 10ஜிபேஸ்-டி எங்களுக்கு எட்டவில்லை. 100 மீட்டருக்கு அது இன்னும் உயர்தரமான கேட் 6ஏ கேபிளைக் கேட்கிறது. கேட் 6-இல் 55 மீட்டர் வரைதான் உறுதி. அதன் தொடக்ககாலக் கருவிகள் மின்சாரத்தையும் ஏராளமாக இழுத்து, கடுமையாகச் சூடேறின. எங்களைப் போன்றவர்களுக்கு விடை 2016-இல், 802.3பிஇசட் தரநிலையில் கிடைத்தது. 10 கிகாபிட்டின் அதே நுட்பத்தைக் கால்பங்கு வீதத்தில் ஓட்டினால் 2.5 கிகாபிட் கிடைக்கும். அதற்குத் தேவையான 100 மெகாஹெர்ட்ஸ் அலைவரிசை கேட் 5இ-க்குள் அப்படியே அடங்கிவிடுகிறது. ஏற்கெனவே பதித்த கேபிளைத் தூக்கி எறியச் சொல்லாமல் அதற்கேற்ப வேகத்தை வகுத்த அந்தப் பொறியாளர்களுக்கு நான் உண்மையிலேயே நன்றியுடையவன்.

2022-இல் 2.5 கிகாபிட் ஸ்விட்சை மாட்டினோம். நகலெடுப்பு இப்போது நொடிக்கு 280 மெகாபைட்டைத் தொடுகிறது. இரண்டு நீளமான இணைப்புகளில் மட்டும் பிழைகள் வந்தன; சுவர் சாக்கெட்டைத் திறந்தபோது, கம்பிகளின் முறுக்கு இரண்டு விரற்கடை அளவுக்குப் பிரிக்கப்பட்டிருந்தது. 13 மில்லிமீட்டருக்கு மேல் பிரிக்கக் கூடாது என்பது விதி, ஏனெனில் பக்கத்து இணையின் சிக்னல் கசியாமல் தடுப்பது அந்த முறுக்குதான். திருத்திப் பதித்ததும் பிழைகள் நின்றன.

புதிதாக இழுப்பவர்கள் செம்பு பூசிய அலுமினியக் கேபிளை மட்டும் வாங்காதீர்கள். மின்தடை கூடுதல் என்பதால், ஈதர்நெட் வழியே மின்சாரம் பெறும் கேமராக்கள் தொலைவில் தடுமாறும். எங்கள் புதிய அறைக்கு முழுச் செம்பிலான கேட் 6ஏ பதிக்கிறோம்; பழைய கேபிள்களில் கை வைக்கப் போவதில்லை.