குன்னூர்ப் பக்கம் ஏசி கண்டென்சரை மாற்றச் சொன்னால், கேஜ் முள்ளைப் பார்த்துப் பணம் கட்டாதீர்கள்

நீலகிரியில் கார் வைத்திருப்பவர்களுக்கு, முக்கியமாக ஏசி வேலையை மலையிலேயே முடித்துக்கொள்ளலாம் என்று நினைப்பவர்களுக்கு இந்தப் பதிவு. குன்னூர்ப் பக்கம் ஒரு பட்டறையில், எந்தக் கோளாறும் இல்லாத என் கார் கண்டென்சரைக் கழற்றிவிட்டு, பதினாலாயிரத்து ஐந்நூறு ரூபாய் வாங்கிக்கொண்டு, காரை முன்பைவிட மோசமாக்கித் திருப்பிக் கொடுத்தார்கள். பணம் போனது ஒரு பக்கம். எப்படி ஏமாற்றினார்கள் என்பதுதான் எல்லோருக்கும் தெரிய வேண்டியது. கீழே சமவெளியில் காட்ட வேண்டிய அளவை மலையில் எதிர்பார்த்து, அது வரவில்லை என்றதும் "பாருங்க, லீக்" என்கிறார்கள். மலையில் இருக்கும் எந்தக் காரில் பிரஷர் கேஜை மாட்டினாலும் இதே கதையைச் சொல்லலாம்.

மலையில் இருக்கிறவர்களுக்கு ஏசி எதற்கு என்று கேட்பவர்கள், மழைக்காலத்தில் ராத்திரி ஏழு மணிக்குக் கோத்தகிரி ரோட்டில் கண்ணாடியை மூடிக்கொண்டு நாலு பேரோடு வந்து பார்க்க வேண்டும். உள்ளே மூச்சுக்காற்றில் முன் கண்ணாடி பனிபோல் மூடிக்கொள்ளும். ஏசி போட்டால்தான் காற்றில் உள்ள ஈரம் டேஷ்போர்டுக்குள் இருக்கும் கூலிங் காயிலில் தண்ணீராக இறங்கி, கண்ணாடி தெளியும். எங்களுக்கு ஏசி அந்த வகையில் வைப்பர் மாதிரி ஒரு அவசியச் சாமான். அது போக, அம்மாவைக் கண் பரிசோதனைக்குக் கோவைக்கு அழைத்துப் போகிற நாளில் கீழே வெயிலுக்கும் வேண்டும்.

கோளாறு இதுதான். மேட்டுப்பாளையம் ரோட்டில் ஓடிக்கொண்டிருக்கும்போது ஏசி ஜில்லென்று இருக்கும். சிக்னலில் நின்றால் கொஞ்ச நேரத்தில் வெறும் காற்று. கல்லாறு தாண்டி மலை ஏற ஆரம்பித்தால் சுத்தம். மே மாதம் எப்படி இருக்கும் என்று தெரியும்தானே. மேலே வருகிற வண்டியெல்லாம் பர்லியார் வழி, இறங்குவதெல்லாம் கோத்தகிரி வழி என்று ஒருவழிப் பாதையாக்கி விடுவார்கள். பர்லியாரில் இருந்து ஊர்ந்துதான் வர வேண்டும். அந்த ஊர்தலில் ஏசியில் அனல் வந்தது. அம்மா முந்தானையால் விசிறிக்கொண்டே வந்தார்.

விஷயம் தெரிந்த மெக்கானிக்குக் கோளாறைச் சொல்லும்போதே பாதி விடை கிடைத்திருக்கும். கண்டென்சர் என்பது முன் பம்பருக்குப் பின்னால், ரேடியேட்டருக்கு முன்னால் இருக்கிற தட்டையான அலுமினிய ஜாலி. கம்ப்ரஸர் அழுத்தி அனுப்பும் சூடான கேஸ் அதற்குள் வந்து, வெளிக்காற்றுக்குச் சூட்டைக் கொடுத்துவிட்டுத் திரவமாகிறது. வண்டி வேகமாகப் போனால் எதிர்க்காற்றே அந்த வேலையைச் செய்துவிடும். நின்றாலோ ஊர்ந்தாலோ ஃபேன்தான் செய்ய வேண்டும். ஃபேன் சுற்றாவிட்டால் பிரஷர் எகிறும், எகிறினால் பிரஷர் சென்சார் கம்ப்ரஸரை நிறுத்திவிடும். ஓடும்போது குளிர்ந்து, நின்றால் சுடுகிறது என்றால் முதலில் பார்க்க வேண்டியது ஃபேன். அடுத்தது கண்டென்சர் ஜாலியில் அடைத்திருக்கும் சேறும் பூச்சியும். கேஸ் குறைவு என்றால் ஓடும்போதும் குளிர்ச்சி குறைந்திருக்கும்.

நான் போன பட்டறையில் ஃபேனை யாரும் ஏறெடுத்தும் பார்க்கவில்லை.

காலையில் போனேன். மேகம் இறங்கியிருந்தது, ஸ்வெட்டர் போடுகிற குளிர். "சார் வரலீங்களா மேடம்?" என்று ஆரம்பித்தார் கடைக்காரர். பானட்டைத் திறந்து பிரஷர் கேஜின் சிவப்பு ஓஸ், நீல ஓஸ் இரண்டையும் மாட்டினார். இன்ஜினை ஸ்டார்ட் செய்யவில்லை. இரண்டு முள்ளும் அறுபது பிஎஸ்ஐயை (பிரஷர் அளவு) தொட்டும் தொடாமலும் நின்றன. முள்ளின் மேல் நகத்தால் தட்டிக் காட்டினார். "தொண்ணூறு, நூறு இருக்கணும் மேடம். பாதி கேஸ் காலி. கண்டென்சர் பங்ச்சர்." சோப்புத் தண்ணி இல்லை, லீக்கைக் காட்டும் சாயமான டை இல்லை, டார்ச்சுகூட இல்லை.

இந்த இடத்தைக் கவனியுங்கள். பெரும்பாலான நம் கார்களின் ஏசியில் இருப்பது ஆர்134ஏ என்ற குளிரூட்டும் கேஸ். இன்ஜின் ஓடாமல் நிற்கும்போது கேஜ் காட்டும் பிரஷர், உள்ளே எவ்வளவு கேஸ் இருக்கிறது என்பதைச் சொல்லாது. உள்ளே கொஞ்சமாவது திரவம் இருக்கும்வரை, அந்த எண் வெளி வெப்பநிலையைத்தான் சொல்லும். 30 டிகிரி வெயிலில் 95க்கு மேல் காட்டும் அதே கார், அதே கேஸ், 16 டிகிரியில் 60தான் காட்டும். கோவையில் மத்தியானம் நூறைத் தாண்டும். குன்னூரில் காலை எட்டு மணிக்கு 60 காட்டினால் அது சரியான எண். தொண்ணூறு காட்டினால்தான் பயப்பட வேண்டும். ஏசி வேலை தெரிந்த யாருக்கும் இது அரிச்சுவடி. சுவரில் சார்ட் ஒட்டியிருப்பார்கள். தெரியாமல் சொன்னாரா, தெரிந்து சொன்னாரா என்று என்னைக் கேட்டால், அடுத்து நடந்ததைப் படித்துவிட்டு நீங்களே முடிவு செய்யுங்கள்.

சாயங்காலம் போன் வந்தது. கண்டென்சர் மாற்றியாகிவிட்டதாம், ஆனால் இன்னொரு பிரச்சினையாம். போய்ப் பார்த்தேன். கேஸ் அடிப்பதற்கு முன் உள்ளே இருக்கும் காற்றை உறிஞ்சி எடுக்கும் வேக்யூம் பம்ப் ஓடிக்கொண்டிருந்தது, நீல கேஜின் முள் 24இல் நின்றது. "முப்பது போகணும். போகலை பாருங்க. கூலிங் காயிலும் லீக். டேஷ்போர்டு இறக்கணும். இன்னொரு பதினெட்டு ஆகும்."

பதினெட்டு என்றால் பதினெட்டாயிரம்.

குன்னூரில் அந்த முள் முப்பதுக்குப் போகவே போகாது. யார் கொண்டுவந்து என்ன பம்ப் வைத்தாலும் போகாது. வேக்யூம் கேஜ் காட்டுவது வெளிக்காற்றின் அழுத்தத்தைவிட உள்ளே எவ்வளவு குறைந்திருக்கிறது என்பதை. கடல் மட்டத்தில் வெளிக்காற்றே முப்பது அங்குலம் பாதரச அளவுக்கு அழுத்துவதால் அங்கே முப்பது வரை இறங்கும். மேலே ஏற ஏற, ஆயிரம் அடிக்கு ஏறக்குறைய ஓர் அங்குலம் குறையும். குன்னூர் ஆறாயிரம் அடி, ஆக 24தான் உச்சம். ஊட்டியில் 23க்குப் பக்கம். கொடைக்கானலிலும் ஏறக்குறைய அப்படித்தான். அங்கே இருக்கிறவர்களும் இதைக் குறித்துக்கொள்ளுங்கள். முள் எந்த எண்ணைத் தொட்டது என்பது முக்கியமில்லை. வால்வை மூடி, பம்பை நிறுத்திய பிறகு அரை மணி நேரம் அதே இடத்தில் நிற்கிறதா என்பதுதான் லீக் பரிசோதனை. வால்வை மூடுங்கள், பார்க்கலாம் என்றேன். "அதெல்லாம் அப்படிப் பார்க்கறது இல்ல மேடம்" என்று பதில் வந்தது.

டேஷ்போர்டில் கை வைக்க வேண்டாம், கேஸ் அடித்துக் கொடுங்கள் போதும் என்று சொல்லிவிட்டேன். கேஸை எடை பார்க்காமல், கேஜைப் பார்த்தே அடித்தார்கள். இதனால் என்ன ஆனது என்பதைக் கீழே சொல்கிறேன்.

பழைய கண்டென்சரைக் கேட்டேன். "ஸ்கிராப் மேடம், நாங்களே போட்டுடுவோம்." காசு கொடுத்தது நான், ஸ்கிராப்பும் எனக்கே என்றேன். கடைப் பையன் டயர் அடுக்குக்குப் பின்னாலிருந்து சாக்கில் சுற்றி எடுத்துவந்தான். ஸ்கிராப் என்றால் மூலையில் எறிந்து கிடக்க வேண்டும், சாக்கில் பத்திரமாகச் சுற்றி வைப்பானேன்? நல்ல கண்டென்சரைக் கழுவி, கறுப்பு பெயின்ட் அடித்து அடுத்தவர் காரில் மாட்டினால் முழுக்க லாபம். என் ஊகம்தான், ஆனால் அந்தச் சாக்கைப் பார்த்தவர்கள் யாரும் வேறு மாதிரி ஊகிக்க மாட்டார்கள்.

பில் கேட்டதற்கு ஒரு துண்டுச்சீட்டு. "ஏசி வேலை, 14,500." பார்ட் நம்பர் இல்லை, ஜிஎஸ்டி நம்பர் இல்லை, வாரன்டி இல்லை. நல்லவேளை, பணத்தை ஜிபேயில் அனுப்பியிருந்தேன்.

அடுத்த தடவை கீழே இறங்கியபோது ஏசி முன்பைவிட மோசம். முன்னாவது ஓடும்போது குளிர்ந்தது. இப்போது காரமடை தாண்டுவதற்குள் கம்ப்ரஸர் விட்டுவிட்டு நின்றது. நேராகக் கோவையில் ஏசி வேலை மட்டுமே பார்க்கும் ஒரு கடைக்குப் போனேன். வயதானவர், பேச்சு குறைவு. நான் எதையும் சொல்லி முடிப்பதற்குள் ஏசியைப் போடச் சொல்லிவிட்டு, பானட்டைத் திறந்து காதைக் கொடுத்துக் கேட்டார். எங்கள் காரில் ரேடியேட்டருக்கு ஒன்று, கண்டென்சருக்கு ஒன்று என இரண்டு ஃபேன். கண்டென்சர் ஃபேன் சும்மா நின்றது. இன்ஜினை நிறுத்தி, ரிலேயையும் ஃப்யூஸையும் பார்த்தார், இரண்டும் சரி. ஃபேன் கனெக்டரில் டெஸ்ட் லைட் வைத்து மறுபடி ஏசி போட்டார், லைட் எரிந்தது. கரண்ட் வருகிறது, மோட்டார்தான் சுற்றவில்லை. ஸ்க்ரூடிரைவர் கைப்பிடியால் மோட்டாரின் முதுகில் லேசாகத் தட்டினார். ஃபேன் திடுக்கென்று சுற்றி, நாலு சுற்றில் மறுபடி நின்றது. "பிரஷ் தேஞ்சு போச்சுங்க. மோட்டார் மாத்தோணும்."

இவ்வளவுதான் ஆரம்பத்திலிருந்தே இருந்த கோளாறு. மோட்டார் மூவாயிரத்துக்குள் முடிந்தது.

அப்புறம் மெஷினில் கேஸை எடுத்து எடை பார்த்தார். 610 கிராம். பானட்டுக்குக் கீழே ஒட்டியிருக்கும் ஸ்டிக்கரில் எங்கள் காருக்குப் போட்டிருப்பது 430. குளிரில் முள் ஏறவில்லை என்று திணித்துக்கொண்டே போயிருக்கிறார்கள். அளவுக்கு மேல் கேஸ் போனால் கீழே வெயிலில் பிரஷர் எகிறிக் கம்ப்ரஸர் நிற்கும், நாள்பட்டால் கம்ப்ரஸரே போகும். புதிதாக மாட்டியது என்று சொன்ன கண்டென்சரையும் கழற்றிக் காட்டினார். டியூப் வரிசை பழையதைவிடக் குறைவு. பக்கத்தில் ட்ரையர் பை இருக்க வேண்டிய குழாய் காலி. ஈரத்தை உறிஞ்சுவது அந்தப் பைதான். அது இல்லாமல் நம்மூர் ஈரக்காற்று உள்ளே புகுந்தால் ஆயிலோடு சேர்ந்து உள்பாகங்களை அரிக்கும். நல்ல கண்டென்சர் டப்பாவில், இரண்டு வாயிலும் பிளாஸ்டிக் மூடியோடு வரும். எனக்கு மாட்டிய கண்டென்சர் அந்தப் பட்டறையில் ஆணியில் மூடி இல்லாமல் தொங்கியதைப் பார்த்தது அப்போதுதான் ஞாபகம் வந்தது.

பிறகு சாக்கைப் பிரித்தேன். பழைய கண்டென்சரின் ஒரு வாயை அடைத்து, மறு வாயில் நைட்ரஜன் ஏற்றி, பின்னால் இருந்த நீளத் தொட்டியில் முக்கினார். ஆரம்பத்தில் ஜாலி இடுக்கில் சிக்கியிருந்த காற்று பொடிப்பொடியாக மேலே வந்தது. அது அடங்கட்டும் என்று கையைக் காட்டினார். அடங்கியது. அதன் பிறகு ஒரு குமிழிகூட இல்லை. திருப்பிப் போட்டார், இல்லை. மூலை வெல்டிங்கைக் கட்டைவிரலால் தடவிப் பார்த்தார், இல்லை. "இதுல ஒண்ணுமே இல்லீங்களே அம்மணி. எதுக்குக் கழட்டுனாங்க?"

முழுவதையும் போனில் வீடியோ எடுத்திருக்கிறேன். புது ட்ரையர் பை, புது ஓ-ரிங் போட்டுப் பழைய கண்டென்சரையே மாட்டிக் கொடுத்தார். வேக்யூம் 28ஐத் தாண்டியது, வால்வை மூடி அரை மணி நேரம் விட்டும் அசையவில்லை. ஆக, டேஷ்போர்டை இறக்கி மாற்றச் சொன்ன கூலிங் காயிலும் நல்லாத்தான் இருக்கிறது. 430 கிராம் எடை பார்த்து ஏற்றினார். மறுபடி பர்லியார் ஏற்றத்தில் லாரிக்குப் பின்னால் ஊர்ந்தபோது அம்மா ஏசியைக் குறைக்கச் சொன்னார்.

கண்டென்சர் போகவே போகாது என்று சொல்லவில்லை. எல்லாவற்றுக்கும் முன்னால் இருப்பதால் கல் தெறித்து ஓட்டை விழும், இடித்தால் நசுங்கும். ஆனால் லீக் இருந்தால் தடயம் இருக்கும். கேஸோடு ஆயிலும் கசிவதால் அந்த இடத்தில் பிசுக்கென்று அழுக்கு ஒட்டியிருக்கும். சோப்புத் தண்ணி அடித்தால் நுரைக்கும், டை விட்டிருந்தால் யூவி லைட்டில் பளிச்சென்று தெரியும். இவற்றில் ஒன்றையாவது உங்கள் கண்ணால் பார்க்காமல் கழற்ற விடாதீர்கள். எங்கே லீக் என்று விரல் வைத்துக் காட்டச் சொல்லுங்கள். கழற்றுவதற்கு முன்பே பழைய பார்ட் எனக்கு வேண்டும் என்று சொல்லிவிடுங்கள். அதைக் கேட்டதும் சிலருக்கு லீக்கே காணாமல் போய்விடும்.

பட்டறையில் வீடியோவைக் காட்டினேன். "மலை ஈரத்துல ஃபேன் போறதுக்கு நாங்க என்ன மேடம் பண்றது?" என்று கேட்டார். நான் கேட்டது ஃபேனைப் பற்றியே இல்லை. கடைசியில் மூவாயிரம் தருகிறேன், இதோடு விட்டுவிடுங்கள் என்றார். வாங்கவில்லை. தேசிய நுகர்வோர் உதவி எண்ணான 1915க்கு போன் செய்து புகார் சொல்லி, புகார் எண் வாங்கியிருக்கிறேன், பதிவுத் தபாலில் நோட்டீஸும் போய்விட்டது. பில் தராததே 2019 நுகர்வோர் பாதுகாப்புச் சட்டப்படி நேர்மையற்ற வணிக முறையில் வரும். பதில் வராவிட்டால் மாவட்ட நுகர்வோர் ஆணையம்தான். ஐந்து லட்சம் வரையிலான விவகாரத்துக்கு அங்கே கட்டணம் கிடையாது, வக்கீல் இல்லாமலும் போகலாம், சம்பவம் நடந்து இரண்டு வருடத்துக்குள் போக வேண்டும்.

கடைப் பெயரைக் கேட்டு நிறையப் பேர் மெசேஜ் அனுப்புவீர்கள் என்று தெரியும். நோட்டீஸ் நிலுவையில் இருப்பதால் இப்போது சொல்வதாக இல்லை. இதே மாதிரி 60, 24 என்று எண்களைக் காட்டி உங்களிடமும் யாராவது கண்டென்சரோ கூலிங் காயிலோ மாற்றியிருந்தால், துண்டுச்சீட்டாக இருந்தாலும் போட்டோ எடுத்து எனக்கு அனுப்புங்கள். புகாரோடு சேர்த்துக்கொள்கிறேன்.