கிரேன் பிடிக்கும் என்றால் ரிக்ஸ் ஆஃப் ராட்ஸ் இறக்கிப் பாருங்கள்

பெரும்பாலான கேம்களில் கிரேன் சும்மா பேருக்குத்தான் இருக்கும். கொக்கி பக்கத்தில் போனதும் சரக்கு தானாக ஒட்டிக்கொள்ளும், எத்தனை டன் தூக்கினாலும் வண்டி அசையாது. ரிக்ஸ் ஆஃப் ராட்ஸ் அப்படி இல்லை. 2005-ல் தொடங்கிய ஓபன் சோர்ஸ் சிமுலேட்டர், முழுக்க இலவசம். இன்று எல்லோரும் கொண்டாடும் கார் மோதல் கேமான பீம்என்ஜி டிரைவை ஆரம்பித்தவர்கள் முன்பு இதில் வேலை பார்த்தவர்கள்தான்.

இதில் வண்டி என்பது எடையுள்ள புள்ளிகளும், அவற்றை இணைத்து ஸ்பிரிங்காக வேலை செய்யும் கம்பிகளும். இந்தக் கணக்கு நொடிக்கு 2000 முறை ஓடுகிறது. கார் மோதி நசுங்குவதைப் பார்க்கவும் நன்றாகத்தான் இருக்கும், ஆனால் இதன் அருமை கிரேனில்தான் தெரியும். கிரேனின் நீண்ட கையான பூமை நீட்ட நீட்ட சுமை தொங்கும் பக்கத்து டயர் அமுங்குகிறது, எதிர்ப்பக்கம் லேசாகிறது, இன்னும் கொஞ்சம் நீட்டினால் சக்கரம் தரையை விட்டே எழும்பிவிடும். 5 டன்னை 4 மீட்டர் தள்ளிப் பிடித்தால் வண்டியைக் கவிழ்க்கப் பார்க்கும் திருப்புவிசை 20 டன்-மீட்டர், அதையே 10 மீட்டருக்குக் கொண்டுபோனால் 50. எவ்வளவு தூரத்தில் எவ்வளவு எடை தூக்கலாம் என்று சொல்லும் லோடு சார்ட்டை நிஜ ஆபரேட்டர் பார்க்காமல் ஏன் கை வைப்பதில்லை என்பது இங்கே நன்றாகவே புரிந்துவிடும்.

அதனால் வண்டியின் பக்கவாட்டுத் தாங்குகால்களான அவுட்ரிகரை இறக்கி வண்டியை மட்டமாக்குவதுதான் முதல் வேலை. அப்புறம் எஃப்1, எஃப்2 என்று வரிசையாகக் கிரேன் பாகங்களை அசைக்கும் ஹைட்ராலிக் கீகள், கொக்கியைச் சரக்குக்கு மிக அருகில் கொண்டுபோய் 'எல்' அழுத்தினால் மாட்டும். நிஜமான திறமை ஊசலை அடக்குவதில் இருக்கிறது. பூமைச் சுழற்றிச் சட்டென்று நிறுத்தினால் கன்டெய்னர் முன்னே வீசும். அது வீசி உச்சிக்குப் போகிற நேரத்தில் பூமையும் அதே பக்கம் கொஞ்சம் நகர்த்தி அதன் தலைக்கு மேல் கொண்டுவந்தால் ஆட்டம் நின்றுவிடும். இதெல்லாம் கைப்பழக்கம்தான்.

குறை இருக்கிறது. கிராபிக்ஸ் பழையது. கிரேன்கள் பெரும்பாலும் ரசிகர்கள் செய்த மாட்கள் (கேமில் சேர்த்துக்கொள்ளும் கூடுதல் வண்டிகள்), அதனால் ஒன்று கச்சிதமாக இருக்கும், இன்னொன்றின் பூம் துவண்டு ஆடும். கீகளும் வண்டிக்கு வண்டி மாறும், 'டி' அழுத்தி அந்தப் பட்டியலை ஒரு தடவை படித்துவிட்டுத் தொடங்குங்கள்.

புதிதாக வருபவர்கள் சமதரை, சின்ன சுமை, குட்டையான பூம் என்று ஆரம்பிக்கலாம். லாரியில் இறக்கியதும் 'ஓ' அழுத்திக் கட்டிவிடுங்கள், இல்லாவிட்டால் முதல் திருப்பத்திலேயே சரக்கு ரோட்டில் கிடக்கும்.