நாலு மாதம் கழித்துத் தெரிந்த தள்ளுபடி

இந்த முறை சிங்கப்பூரிலிருந்து ஊருக்குப் போன விடுமுறையில் பெரும்பகுதி தஞ்சைப் பக்கம் ஒரு முன்சீப் கோர்ட் வாசலிலேயே கழிந்தது. பெரியப்பா 2012-இல் போட்ட மனை எல்லை வழக்கு, வாதி ஆஜராகவில்லை என்று தள்ளுபடியாகியிருந்தது. நாலு மாதமாக வீட்டில் யாருக்கும் தெரியாது.

தெரிய வந்ததே, கோர்ட் வழக்குகளின் நிலையைப் பார்க்க உதவும் ஈகோர்ட்ஸ் செயலியால்தான். ஒவ்வொரு வழக்குக்கும் தனித்தனியாகத் தரப்படும் 16 இலக்க சிஎன்ஆர் எண் பழைய வழக்குக் காகிதங்களில் இல்லை. கட்சிக்காரர் பெயரையும் வருடத்தையும் போட்டுத் தேடினேன். வாய்தா தேதிகள் எல்லாம் வரிசையாக வந்துவிட்டன. அருமையான சேவை, மறுக்கவே முடியாது. ஆனால் பெரியப்பாவிடம் இருப்பது பட்டன் போன். அவருடைய வக்கீல் தொழிலை விட்டுவிட்டு மகள் வீட்டோடு போய்விட்டார். அதே சமயம் பெரியப்பாவுக்கு இடுப்பில் ஆபரேஷன்.

புது வக்கீலின் குமாஸ்தா பொறுமையாக விளக்கினார்: "உங்க பெரியப்பா சொன்னது பொய்னு கோர்ட் சொல்லல சார். கேக்கவே இல்ல, அவ்வளவுதான்."

உரிமையியல் நடைமுறைச் சட்டத்தில் ஆர்டர் 9, விதி 8 இது. பிரதிவாதி வந்து வாதி வராவிட்டால் தள்ளுபடி. அதே காரணத்துக்குப் புதிதாக வழக்குப் போட முடியாது. மீண்டும் கோப்பில் எடுக்கச் சொல்லி விதி 9-இல் மனுப் போடலாம். அதற்குக் கெடு 30 நாள். தள்ளுபடியான தேதியிலிருந்து எண்ணுகிறார்கள், நமக்குத் தெரிந்த நாளிலிருந்து அல்ல. கெடு தாண்டினால் காலவரையறைச் சட்டம் பிரிவு 5-இன்படி தாமதத்தை மன்னிக்கக் கோரித் தனி மனு. ஆஸ்பத்திரி டிஸ்சார்ஜ் சீட்டைத் தேடி எடுத்து அதோடு சேர்த்தோம்.

எதிர்த்தரப்புக்காரரும் இத்தனை வருடம் அலைந்தவர்தான். விசாரணையில் ஒரு தரப்புக்கு மூன்று வாய்தாவுக்கு மேல் கூடாது என்றே சட்டம் இருக்கிறது. நீதிபதி எவ்வளவு நாள் காத்திருப்பார்? அதெல்லாம் சரி. ஆனால் பத்து வருடத்துக்கு மேல் நடந்த வழக்கை முடிக்கும்போது வாதியின் வீட்டுக்கு ஒரு கடிதமாவது போகவேண்டாமா? குறுஞ்செய்தி வசதி இருக்கிறது. இந்த வழக்கில் பெரியப்பாவின் எண் பதிவாகவே இல்லை. வயதானவர்களின் வழக்குகள் இப்படிச் சத்தமில்லாமல் முடிந்துபோவதை என்னால் ஏற்க முடியவில்லை.

வெளிநாட்டில் இருப்பவர்கள், ஊரில் குடும்ப வழக்கு இருந்தால் மாதம் ஒருமுறை செயலியில் பாருங்கள். வாதி இறந்துபோனால் வாரிசுகளைச் சேர்க்க 90 நாள்தான், அதையும் நினைவில் வையுங்கள்.

மனு விசாரணைக்கு எடுக்கப்பட்டு எதிர்த்தரப்புக்கு நோட்டீஸ் போயிருக்கிறது. அடுத்த வாய்தாவுக்குப் பெரியப்பாவை அழைத்துப்போவதாகத் தம்பி சொல்லியிருக்கிறான். வழக்கை மீண்டும் எடுக்க கோர்ட் மறுத்தாலும் அந்த உத்தரவின்மேல் அப்பீல் போகலாம் என்கிறார் வக்கீல்.