சகுரா நோ சோனோ (1990): திரை உயரும் முன் இரண்டு மணி நேரம்

ஜப்பானியப் பெண்கள் பள்ளி ஒன்றில், ஆண்டுதோறும் பள்ளி நிறுவன நாளன்று நாடகக் குழு மாணவிகள் ரஷ்ய எழுத்தாளர் செகாவின் செர்ரித் தோட்ட நாடகத்தை மேடையேற்றுவது வழக்கம். அகிமி யோஷிதாவின் மாங்காவை (ஜப்பானியச் சித்திரக்கதை) தழுவி ஷுன் நகஹாரா இயக்கிய இந்தப் படம், அந்த நாடகம் தொடங்குவதற்கு முந்தைய இரண்டு மணி நேரத்தை மட்டுமே எடுத்துக்கொள்கிறது. முந்தைய நாள் சுகியாமா என்ற மாணவி வெளியாட்களுடன் புகைபிடித்து மாட்டிக்கொண்டதால், நாடகம் நடக்குமா என்பதே சந்தேகமாகிவிடுகிறது. கட்டுப்பாடுகளுக்குப் பேர்போன அந்தப் பள்ளிக்கு, குழுத் தலைவி ஷிமிசு அன்று பார்த்துத் தலைமுடியைச் சுருட்டிக்கொண்டு வந்து நிற்கிறாள்.

பருவ வயதைப் பற்றிய படங்களில் வழக்கமாக வரும் பெரிய அழுகையோ, அப்பா அம்மாவுடன் மோதலோ இதில் இல்லை. வழக்கமாக ஆண் வேடம் போடும் உயரமான குரதா இம்முறை கதாநாயகி ரனேவ்ஸ்கயாவாக நடிக்க வேண்டியிருப்பதால் பதறுகிறாள். ஷிமிசுவின் மனம் அவளிடம் இருக்க, சுகியாமாவின் மனமோ ஷிமிசுவிடம் இருக்கிறது. இதை யாரும் விளக்கிச் சொல்வதில்லை. மேடை உடையில் ஷிமிசுவும் குரதாவும் சேர்ந்து படம் எடுத்துக்கொள்ளும் காட்சியில், ஒவ்வொரு படத்துக்கும் இன்னும் சற்று நெருங்கி நிற்கிறார்கள். மறைவில் இருக்கும் சுகியாமா அதைக் கவனிக்கிறாள். ஷிமிசுவாக நடித்த ஹிரோகோ நகஜிமாவும் சுகியாமாவாக நடித்த மிஹோ சுமிகியும் குரலை உயர்த்தாமலே இதைச் சாதித்திருக்கிறார்கள். படத்தின் விலை இந்த ஒரு காட்சிக்கே தகும் என்பேன்.

குறையும் உண்டு. எல்லோரும் ஒரே சீருடையில் ஒரே நேரத்தில் பேசுவதால், முதல் அரை மணி நேரத்துக்கு யார் எவர் என்று பிடிபடுவதே சிரமம். வசன வரிகளை நம்பிப் பார்ப்பவர்கள் இடையில் நிறுத்திப் பின்னோக்கிச் செல்ல வேண்டியிருக்கும். நாடகத்தையும் பார்த்துவிடலாம் என்று காத்திருப்பவர்களுக்கு ஏமாற்றமே மிஞ்சும், ஏனெனில் படம் அதைக் காட்டுவதில்லை. என்னைக் கேட்டால் அது சரியான முடிவுதான்.

திரைப்பட இதழான கினெமா ஜும்போ 1990-ஆம் ஆண்டின் சிறந்த ஜப்பானியப் படமாக இதைத் தேர்ந்தெடுத்தது. இதே பெயரில் 2008-இல் நகஹாராவே மீண்டும் எடுத்த படம், வயலினைக் கைவிட்டுப் பள்ளி மாறி வரும் வேறொரு மாணவியின் கதை. வாங்கும்போது ஆண்டைப் பார்த்து வாங்குங்கள்.